நிலமும் இறந்தோரும்: போருக்குப் பிந்தைய வியட்நாமில் குடும்பம், அரசு, நினைவு

ஆய்வுச் சுருக்கம்

1975-க்குப் பிந்தைய வியட்நாமின் வரலாறு பெரும்பாலும் இரு தனித் தடங்களில் எழுதப்பட்டு வருகிறது. ஒன்று, கூட்டுறவுப் பண்ணையிலிருந்து சந்தைக்கு நகர்ந்த பொருளியல் வரலாறு. மற்றொன்று, போர் நினைவு பற்றிய பண்பாட்டு வரலாறு. இவ்விரு தடங்களும் குடும்பம் என்னும் அலகில் சந்திக்கின்றன என்பது இக்கட்டுரையின் கருத்து. 1980-களில் நிலத்தைத் திரும்பப் பெற்ற குடும்பம், தன் இறந்தோரையும் அரசிடமிருந்து திரும்பப் பெறத் தொடங்கியது. ஆனால் நிலத்தில் பயன்பாட்டுரிமை மட்டுமே வழங்கப்பட்டு உடைமை மறுக்கப்பட்டதைப் போலவே, தோற்ற தரப்பின் இறந்தோருக்கு வீட்டில் துக்கம் காக்க இசைவு கிடைத்ததே தவிர, பொதுவெளியில் ஏற்பு கிடைக்கவில்லை. இவ்வொப்புமையை அரசியல், சமூகச் சான்றுகளின் துணையுடன் இக்கட்டுரை ஆராய்கிறது.

முதன்மைச் சொற்கள்: வியட்நாம், டோய் மோய், போர் நினைவு, ஈகியர், குடும்பம், நிலவுரிமை, தென் வியட்நாம் படை.

முன்னுரை

தமிழில் நாம் ‘வியட்நாம் போர்’ என்று எழுதுவது அமெரிக்க வழக்கைப் பின்பற்றியது. வியட்நாமிய அரசு வழக்கில் அது ‘நாட்டைக் காக்க அமெரிக்காவை எதிர்த்து நடத்திய போர்’. 1975 ஏப்ரல் 30 அன்று சைகோன் வீழ்ந்த பின்னர் நாட்டை விட்டு வெளியேறியோர் அம்மாதத்தைக் ‘கறுப்பு ஏப்ரல்’ என்கின்றனர். ஒரே நிகழ்வுக்கு மூன்று பெயர்கள் வழங்குவது, அதன் முடிவு இன்னும் உடன்பாட்டுக்கு வரவில்லை என்பதைக் காட்டுகிறது.

தமிழ்ச் சூழலில் வியட்நாம் பெரிதும் ஓர் எதிர்ப்புக் குறியீடாகவே அறிமுகமானது. வல்லரசை வென்ற உழவர் நாடு, ஹோ சி மின் என்னும் எளிய தலைவர் ஆகிய படிமங்களோடு நம் வாசிப்பு 1975-இல் நின்றுவிட்டது எனலாம். அப்படிமம் பொய்யன்று. ஆயினும் வெற்றிக்குப் பின் அந்நாட்டில் வாழ்ந்தோருக்கு வெற்றி எவ்வாறு பொருள்பட்டது என்ற வினாவை அது எழுப்புவதில்லை. அவ்வினாவை இறந்தோரிடமிருந்து தொடங்குவதே பொருத்தம் என இக்கட்டுரை கருதுகிறது. வியட்நாமியச் சமூகத்தில் இறந்தோர் குடும்பத்தின் உறுப்பினராகவே நீடிக்கின்றனர். அவர்கள் எங்கே, எவ்வாறு, யாரால் நினைக்கப்படுகின்றனர் என்பது அங்கு அரசியல் வினாவும் ஆகும்.

கட்டுரையாளர் வியட்நாமிய மொழியறிவு இல்லாதவர். ஆங்கில வழிக் கிடைக்கும் களஆய்வுகளும் வரலாற்று நூல்களுமே இங்கு அடிப்படை. ‘லியெட் சி’ என்ற வியட்நாமியச் சொல்லுக்கு ‘ஈகியர்’ என்ற சொல் ஆளப்படுகிறது. ‘மாவீரர்’ என்பது இதனினும் நெருக்கமானதாகத் தோன்றலாம். ஆனால் லியெட் சி என்பது வீரத்தைப் போற்றும் பொதுச்சொல் மட்டுமன்று. அரசு சான்றிதழ் வழங்கி உறுதிசெய்யும் தகுதிநிலை. அதன் நிருவாகப் பொருளை விட்டுவிடக் கூடாது என்பதே இத்தேர்வின் காரணம்.

எண்ணப்பட்டோரும் எண்ணப்படாதோரும்

போர் முடிந்து இருபது ஆண்டுகள் கழித்து, 1995-இல், வியட்நாம் அரசு இறப்பு எண்ணிக்கையை வெளியிட்டது. தன் தரப்புப் போராளிகள் 11 இலட்சம் பேர், இரு பகுதிகளையும் சேர்ந்த பொதுமக்கள் 20 இலட்சம் பேர் என்பது அக்கணக்கு. தென் வியட்நாம் குடியரசின் படையில் இறந்தோர் இரண்டு இலட்சத்துக்கும் மேற்பட்டோர் என்பது பரவலான மதிப்பீடு. அமெரிக்கத் தரப்பில் இறந்தோர் 58,000-க்கும் மேற்பட்டோர். வாஷிங்டனில் கருங்கற் சுவரில் ஒவ்வொருவர் பெயரும் பொறிக்கப்பட்டுள்ளதால் இவ்வெண்ணை உலகம் நன்கறியும். வியட்நாமியத் தரப்பில் ஏறத்தாழ இரண்டு இலட்சம் ஈகியரின் எச்சங்கள் இன்னும் கண்டெடுக்கப்படவில்லை. கல்லறைகளில் உள்ளோரிலும் ஏறத்தாழ மூன்று இலட்சம் பேர் பெயரற்றவராகவே கிடக்கின்றனர்.

ஈகியர் என்ற தகுதி பல பயன்களைத் தந்தது. குடும்பத்திற்கு ‘தாயகம் உம் தொண்டைப் பதிவு செய்கிறது’ என்னும் பொருள்படும் சான்றிதழ் வழங்கப்பட்டது. அது வீட்டுச் சுவரில் மாட்டப்பட்டது. உதவித்தொகையும், கல்வியிலும் வேலையிலும் முன்னுரிமையும் கிடைத்தன. 1947 முதல் ஜூலை 27 போரில் ஊனமுற்றோர், ஈகியர் நாளாகக் கடைப்பிடிக்கப்படுகிறது. ஒவ்வொரு கம்யூனிலும் ஈகியர் கல்லறைத் தோட்டமோ நினைவுத்தூணோ எழுந்தது. குவாங் திரி மாநிலத்தின் துருவோங் சோன் தேசியக் கல்லறைத் தோட்டத்தில் மட்டும் 10,000-க்கும் மேற்பட்ட கல்லறைகள் உள்ளன. 1994-இல் ‘வீர வியட்நாமியத் தாய்’ என்ற பட்டம் நிறுவப்பட்டது. போரில் பல மக்களையோ ஒரே மகவையோ இழந்த தாயர்க்கு உரியது அது.

இதன் மறுபுறத்தில் இருந்தோர் ‘நுய்’ என்ற சொல்லால் குறிக்கப்பட்டனர். கைப்பாவை, போலி என்பது அதன் பொருள். தென் படையினரின் குடும்பத்தாருடைய வாழ்க்கைக் குறிப்பேட்டில் மூன்று தலைமுறை வரை உறவினரின் அரசியல் சார்பு பதியப்பட்டது. பல்கலைக்கழக நுழைவும் அரசுப் பணியும் அக்குறிப்பேட்டைச் சார்ந்திருந்தன. படை அதிகாரிகளும் அலுவலர்களும் ‘மறுகல்வி’ முகாம்களுக்கு அனுப்பப்பட்டனர்; சிலர் பத்தாண்டுகளுக்கும் மேலாக விடுவிக்கப்படவில்லை. 1975-க்கும் 1995-க்கும் இடையே கடல்வழி தப்பி அயல்நாட்டுக் கரைகளை அடைந்தோர் மட்டும் ஏறத்தாழ 8 இலட்சம் பேர். கடலில் இறந்தோர் எத்தனை பேர் என்பதற்கு உறுதியான கணக்கு இல்லை.

சைகோனுக்கு அருகே பியன் ஹோவாவில் தென் படையினருக்கான தேசியக் கல்லறைத் தோட்டம் 1960-களில் அமைக்கப்பட்டது. சுமார் 16,000 கல்லறைகளைக் கொண்டது அது. நெடுஞ்சாலையோர நுழைவாயிலில் துப்பாக்கியை மடியில் கிடத்தி அமர்ந்திருக்கும் படைவீரனின் சிலை ஒன்று இருந்தது. ‘துயர்’ என்பது அதன் பெயர். வெற்றிக்குப் பின் சிலை இடித்துத் தள்ளப்பட்டது. கல்லறைத் தோட்டம் படைத்துறைப் பகுதியாக மூடப்பட்டது. வென்றோரின் கல்லறைகளுக்கு ஆண்டுதோறும் வெள்ளையடிக்கப்பட்ட காலத்தில் இங்கு மரவேர்கள் கல்லறைகளைப் பிளந்துகொண்டிருந்தன.

வீட்டுச்சாவும் தெருச்சாவும்

அரசின் இப்பகுப்பு வெற்று வெளியில் விதிக்கப்பட்டதன்று. ஏற்கெனவே வலுவாக வேரூன்றிய ஒரு மரபின்மேல் விதிக்கப்பட்டது. வியட்நாமிய நம்பிக்கையில் நல்ல சாவு என்பது வீட்டில், மக்கள் சூழ, முதிர்ந்த வயதில் நிகழ்வது. வீட்டுக்கு வெளியே, வன்முறையால், மகப்பேறின்றி நிகழ்வது ‘தெருச்சாவு’. முன்னவர் முன்னோராகி வீட்டுப் பலிபீடத்தில் அமர்வர். ஆண்டுதோறும் இறந்த நாளில் படையல் பெறுவர். பின்னவர் பசித்தலையும் ஆவிகளாவர். சந்திரமான ஏழாம் மாதத்து முழுநிலவன்று வீட்டு வாசலில் அவர்களுக்கு அரிசிக்கஞ்சி வைக்கப்படும். உள்ளே முன்னோர், வெளியே ஆவிகள் என்பது இம்மரபின் எல்லைக்கோடு.

போர் இக்கோட்டைச் சிதைத்தது. வடக்கிலிருந்து தெற்கே சென்ற இளைஞர்கள் காட்டிலும் ஆற்றங்கரையிலும் மடிந்தனர். மரபின்படி அவை அனைத்தும் தெருச்சாவுகளே. இறப்பு அறிவிப்பு ஊர் வந்து சேர ஆண்டுகள் ஆயின; இறந்த இடம் ‘தென் போர்முனை’ என்ற அளவிலேயே குறிக்கப்பட்டிருந்தது. அத்தகைய சாவை நற்சாவாக மாற்றும் சடங்கையே ஈகியர் வழிபாட்டின் வடிவில் அரசு உருவாக்கித் தந்தது. ஹனோய்க்கு அருகில் தின் லியெட் கம்யூனில் களஆய்வு செய்த ஷான் மலார்னி இதைத் தெளிவுபடுத்தியுள்ளார். அரசு நடத்திய நினைவுக்கூட்டம் இறந்தவரின் தொண்டைப் போற்றியது; ஆனால் ஆவியை வீடு சேர்க்கவில்லை. எனவே குடும்பங்கள், மூடநம்பிக்கை ஒழிப்பு இயக்கம் நடந்த காலத்திலும், தத்தம் அளவில் தனிச்சடங்குகளைச் செய்தன. வென்றோரின் வீட்டிலேயே அரசின் சடங்கு போதாமல் போயிற்று என்பது இங்கு நம் கவனத்துக்குரியது.

ஈகியர் அல்லாதோர்க்கு அந்தக் குறைச்சடங்கும் இல்லை. இவர்களில் தென் படையினர் மட்டுமின்றிப் பொதுமக்களும் அடங்குவர். நடு வியட்நாமின் ஹா மி சிற்றூரில் 1968 பிப்ரவரியில் தென் கொரியக் கடற்படைப் பிரிவினர் 135 பேரைக் கொன்றனர். பெரும்பாலோர் முதியோர், பெண்கள், குழந்தைகள். அவர்கள் போரிட்டு இறக்கவில்லை. ஆகவே ஈகியரும் ஆகவில்லை. மூன்று மாதக் குழந்தைக்கு வீரச் சான்றிதழ் எழுத இயலாது. ஊரார் நெடுங்காலம் தாமே அவர்களை நினைந்து வந்தனர். கொரியப் போர்வீரர் அமைப்பொன்றின் நிதியுதவியுடன் நினைவுக்கல் எழுப்பப்பட்டபோது, கல்லின் பின்புறத்தில் படுகொலை நிகழ்ந்த விதத்தை ஊரார் பொறித்தனர். நிதியளித்தோர் அதை ஏற்கவில்லை. பொருளுதவியையும் அயலுறவையும் கருதிய அதிகாரிகளும் ஊரார் பக்கம் நிற்கவில்லை. இறுதியில் அவ்வெழுத்தை அழிக்க மறுத்த ஊரார், தாமரை மலர் வரைந்த பலகையால் அதை மூட இசைந்தனர். மானிடவியலர் ஹியோனிக் குவோன் விரிவாகப் பதிவு செய்துள்ள இந்நிகழ்வில், நினைவை மறைப்பது தோற்றோர்க்கு மட்டும் நேர்வதன்று என்பது புலப்படுகிறது. எழுத்து இன்றும் தாமரைக்குப் பின்னால் இருக்கிறது.

குடும்பம் மீண்ட வழி

இனிப் பொருளியல் தடத்திற்கு வருவோம். 1986 டிசம்பரில் ஆறாம் கட்சி மாநாடு ‘டோய் மோய்’ எனும் புத்தாக்கக் கொள்கையை அறிவித்தது. பொதுச்செயலர் லே துவான் அவ்வாண்டு ஜூலையில் மறைந்திருந்தார். பணவீக்கம் பல நூறு விழுக்காட்டை எட்டியிருந்தது. பாடநூல்கள் இதைத் தலைமையின் தொலைநோக்காகக் காட்டுகின்றன. சான்றுகள் வேறு விதமாகப் பேசுகின்றன. வின் ஃபுக் மாநிலக் கட்சிச் செயலர் கிம் நோக், 1966-இலேயே நிலத்தைக் குடும்பங்களுக்குக் குத்தகை முறையில் பிரித்தளிக்க முனைந்தார். 1968-இல் அம்முயற்சி கண்டிக்கப்பட்டு நிறுத்தப்பட்டது. உழவர்கள் நிற்கவில்லை. கூட்டுப்பண்ணை வேலையில் மெத்தனம் காட்டினர். தம் வீட்டுத்தோட்டத்தில் உழைத்தனர். ஊர்த்தலைவர்கள் துணையோடு மறைவாக நிலத்தைப் பகிர்ந்தனர். ‘வேலி தாண்டுதல்’ என்பது அதற்கு வழங்கிய பெயர். கூட்டுறவு முறையை வீழ்த்தியது கிளர்ச்சியன்று, இத்தகைய அன்றாட அரசியலே என்பது பெனடிக்ட் கெர்க்லீட் நிறுவிய முடிவு. 1981-இன் 100-ஆம் ஆணை பாதி வழி வந்தது. 1988 ஏப்ரலின் 10-ஆம் தீர்மானம் குடும்பத்தை உழவின் அடிப்படை அலகாக ஏற்றது. மறு ஆண்டே, அரிசி இறக்குமதி செய்துவந்த நாடு சுமார் 14 இலட்சம் டன் அரிசியை ஏற்றுமதி செய்தது. கண்டிக்கப்பட்ட கிம் நோக்குக்கு, அவர் மறைந்து முப்பதாண்டுகளின் பின், 2009-இல் ஹோ சி மின் விருது வழங்கப்பட்டது.

குடும்பம் பொருளியல் அலகாக மீண்டதும் சடங்கு அலகாகவும் மீண்டது. கையில் மிஞ்சிய நெல்லும் பணமும் முதலில் சென்ற இடங்களில் கல்லறைகளும் பலிபீடங்களும் அடங்கும். 1990-களில் முன்னோர் கோயில்கள் புதுப்பிக்கப்பட்டன. காகிதக் காணிக்கை எரித்தல் திரும்பியது. எச்சங்களைத் தேடிக் குடும்பங்கள் தெற்கு நோக்கிப் பயணம் செய்தன. வழிகாட்ட ஆவியுரைப்போரை நாடியோரும் பலர். இச்சூழலில்தான் இன்னொரு மாற்றமும் நிகழ்ந்தது. ஒரே தாயின் மக்கள் இருவர் எதிரெதிர்ப் படைகளில் இறந்திருப்பது நடு, தென் வியட்நாமில் அரிதன்று. அதுவரை ஈகியரின் படம் மட்டுமே பலிபீடத்தில் இருந்தது. மற்றவர் படம் பெட்டிக்குள் கிடந்தது. அப்படம் வெளியே வந்து ஈகியரின் சான்றிதழுக்கு அருகில் வைக்கப்பட்ட குடும்பங்களைக் குவோன் காட்டுகிறார். அரசு செய்யாத நல்லிணக்கத்தை ஒரு தாய் தன் வீட்டு மாடத்தில் செய்து முடித்தாள்.

இலக்கியமும் இதே வழியில் நடந்தது. 1987 அக்டோபரில் பொதுச்செயலர் நுயென் வான் லின் எழுத்தாளர்களைச் சந்தித்து, கட்டுகள் தளர்த்தப்படும் என உறுதியளித்தார். அவ்வாண்டில் வெளியான நுயென் ஹுய் தியெப்பின் ‘ஓய்வுபெற்ற தளபதி’ சிறுகதை, வெற்றி பெற்ற படைத்தலைவரைத் தன் வீட்டிலேயே அந்நியராக்கியது. வட படையில் போரிட்ட பாவோ நின் எழுதி 1990-இல் வெளிவந்த ‘போரின் துயரம்’ நாவலுக்கு 1991-இல் எழுத்தாளர் சங்கப் பரிசு கிடைத்தது. இறந்தோரின் எச்சங்களைச் சேகரிக்கும் படைவீரனிடமிருந்து தொடங்கும் அந்நாவலில் வெற்றி ஒரு செய்தியாக மட்டுமே வந்து போகிறது.

பயன்பாட்டுரிமை

இவ்விடத்தில் சட்டச் சொல் ஒன்றைக் கருத வேண்டும். வியட்நாமில் நிலம் ‘முழு மக்களின் உடைமை’. அதை நிருவகிப்பது அரசு. குடும்பம் பெற்றது ‘நிலப் பயன்பாட்டுரிமை’. 1993-ஆம் ஆண்டு நிலச்சட்டப்படி அதை மாற்றலாம், கைமாற்றலாம், வாடகைக்கு விடலாம், மரபுரிமையாக விடலாம், அடகு வைக்கலாம்; உடைமையாக்க இயலாது. அரசு தேவையெனக் கருதினால் திரும்ப எடுத்துக்கொள்ளலாம். ஒன்றுபட்ட வியட்நாமின் கடும் உள்நாட்டு மோதல்கள் பல இவ்விடைவெளியிலிருந்து பிறந்தவை. 2012-இல் தியென் லாங் மீன்பண்ணையில் துப்பாக்கிச் சூடும், 2020 ஜனவரியில் ஹனோய்க்கு அருகே டோங் தாம் சிற்றூரில் காவலர் மூவரும் ஊர் முதியவர் ஒருவரும் இறந்த மோதலும் இதற்குச் சான்று. அம்முதியவர் நெடுநாள் கட்சி உறுப்பினர். போருக்கு மக்களைத் தந்த ஊர்களே பின்னர் அரசின் முன் நிலம் கேட்டு நின்றன.

துக்கத்திலும் நிகழ்ந்தது இதுவே என்பது இக்கட்டுரையின் வாதம். தென் படையினரின் குடும்பம் பலிபீடத்தில் படம் வைக்கலாம், படையல் இடலாம், கல்லறைக்குப் போகலாம். இது பயன்பாட்டுரிமை. இறந்தவர் நாட்டின் இறந்தோருள் ஒருவர் எனப் பொதுவில் உரைக்கும் உரிமை இல்லை. அவ்வுடைமை அரசிடமே உள்ளது. வேதிநச்சு விளைவுகளிலும் இக்கோடு தொடர்கிறது. 1961 முதல் 1971 வரை அமெரிக்க வானூர்திகள் தெளித்த களைக்கொல்லி 7 கோடி லிட்டருக்கும் மேல். அது கட்சி பார்த்துப் படியவில்லை. ஆனால் அதற்கான அரசுச் சலுகைத் திட்டத்தின் முதன்மைப் பயனாளர் புரட்சித் தரப்பில் பங்கேற்றோரும் அவர்தம் மக்களுமே.

இவ்வொப்புமைக்கு எல்லை உண்டு என்பதையும் கூற வேண்டும். நிலத்திற்குச் சந்தை விலை உண்டு, நினைவுக்கு இல்லை. நிலத்தை அரசு எடுத்துக்கொள்வது வளர்ச்சித் திட்டத்திற்காக. நினைவை அடக்கி வைப்பது ஆட்சியின் முறைமையுரிமைக்காக. போரில் வென்றதே ஆளும் உரிமைக்கு ஆதாரம் என்று சொல்லும் கட்சி, எதிர்த்தரப்பின் இறப்பையும் ஒரு நாட்டுப்பற்றின் இறப்பாக ஏற்றால் தன் ஆதாரத்தையே நெகிழ்த்த நேரும். ஆகவே தயக்கத்தை வெறும் பழிவாங்கலாகக் காண்பது எளிமைப்படுத்தலாகும்.

இதற்கு இன்னொரு சான்று, வென்ற தரப்பின் இறந்தோரும் காலத்திற்கேற்ப மறைக்கப்பட்டமை. 1979-இல் சீனா வடஎல்லையைத் தாக்கியது. வி சுயென் பகுதியில் 1980-களின் இறுதி வரை சண்டை நீடித்தது. 1991-இல் சீனாவுடன் உறவு சீரானபின் அப்போர் பாடநூலில் சில வரிகளாகச் சுருங்கியது. அதில் இறந்தோர் முறைப்படி ஈகியர். எனினும் அவர்களை எதிர்த்துப் போரிட்டவர் யார் என்பதை உரக்கச் சொல்ல முடியாத நிலை பல்லாண்டு நிலவியது. தென் சீனக் கடல் பூசல் வலுத்ததும் காற்றுத் திசை மாறியது. 1974 ஜனவரியில் பாரசெல் தீவுகளைக் காக்கச் சீனக் கடற்படையோடு பொருது இறந்த தென் வியட்நாமியக் கடற்படையினர் 74 பேரைப் பற்றி, நாற்பதாம் ஆண்டான 2014-இல் உள்நாட்டு நாளேடுகள் வெளிப்படையாக எழுதின. நேற்றுவரை ‘நுய்’ ஆக இருந்தோர், எதிரி யார் என்பது மாறியதும் நாட்டுக்காக இறந்தோர் ஆயினர். ஆனால் அந்த 74 பேர் மட்டும்.

பெயர்களின் நகர்வு

அரசு அசையவே இல்லை என்பது சரியன்று. அதன் அசைவைச் சொற்களில் காணலாம். சைகோனில் 1975 செப்டம்பரில் ‘அமெரிக்க, கைப்பாவைக் குற்றங்களின் காட்சியகம்’ திறக்கப்பட்டது. 1990-இல் பெயரிலிருந்து இரு தரப்பும் நீங்கி ‘போர்க்குற்றங்களும் ஆக்கிரமிப்பும்’ என்றாயின. அமெரிக்காவோடு தூதுறவு ஏற்பட்ட 1995-இல் அது ‘போர் எச்சங்களின் அருங்காட்சியகம்’ ஆயிற்று. அமெரிக்கரோடான நல்லிணக்கம் தன் மக்களோடான நல்லிணக்கத்தை முந்திக்கொண்டது என்பது இதன் முரண். 2005-இல் முன்னாள் தலைமை அமைச்சர் வோ வான் கியெட், ஏப்ரல் 30 நினைவுகூரப்படும்போது இலட்சக்கணக்கானோர் மகிழ்கின்றனர், இலட்சக்கணக்கானோர் வருந்துகின்றனர் எனப் பொருள்பட வெளிப்படையாகப் பேசினார். அவர் தெற்கைச் சேர்ந்தவர். 1966-இல் மனைவியையும் இரு குழந்தைகளையும் போரில் இழந்தவர். அவரையே யாரும் ‘நுய்’ சார்பினர் எனச் சொல்ல இயலாது. 2017-இல் வெளிவந்த பதினைந்து தொகுதி ‘வியட்நாம் வரலாறு’ ‘கைப்பாவைப் படை’, ‘கைப்பாவை ஆட்சி’ என்ற தொடர்களை விடுத்து ‘சைகோன் படை’, ‘சைகோன் ஆட்சி’ என எழுதியது. ஓய்வுபெற்ற படையினர் சிலர் சினந்தனர்; தொகுப்பாசிரியர் தம் சொல்லாட்சியிலிருந்து பின்வாங்கவில்லை.

பியன் ஹோவாக் கல்லறைத் தோட்டத்தை 2006-இல் அரசு படைத்துறையிடமிருந்து குடிமை நிருவாகத்திற்கு மாற்றியது. குடும்பத்தார் வரவும் கல்லறையைச் செப்பனிடவும் இசைவு கிடைத்தது. வெளிநாட்டிலிருந்து வந்த மக்கள் தந்தையின் எச்சங்களை எடுத்துச் சென்றனர், சிலர் அங்கேயே புதுக்கல் நாட்டினர். இப்போது அதன் பெயர் ‘பின் அன் மக்கள் கல்லறைத் தோட்டம்’. பின் அன் என்றால் அமைதி. அங்குக் கிடப்போர் படைவீரர் என்பதற்கான குறிப்பு அப்பெயரில் இல்லை.